மருந்து தோற்றால் நோயாளி தோற்றதாக எழுதுவதா?

‘பேஷண்ட் டினைஸ் ஆல்கஹால்.’ மருத்துவமனை கேஸ் ஷீட்களில் இப்படி ஒரு வரி சர்வசாதாரணமாகக் கண்ணில் படும். நடந்தது எளிய விஷயம். குடிப்பழக்கம் உண்டா என்று டாக்டர் கேட்டார். இல்லை என்று வந்தவர் சொன்னார். ஆனால் ஆங்கிலத்தில் ‘டினை’ என்ற வினை, பழி சுமத்தப்பட்டவர் வாயிலிருந்து வருவது. போலீஸ் விசாரணையில் மறுப்பவர் ‘டினை’ செய்கிறார். ஊழல் புகாருக்கு ஆளான அமைச்சர் ‘டினை’ செய்கிறார். வயிற்றுவலியோடு வந்து, கேட்ட கேள்விக்குப் பதில் சொன்ன மனிதரையும் அந்த ஒரு வினைச்சொல் கூண்டில் ஏற்றிவிடுகிறது.

அதே தாளின் முதல் வரியில் ‘சி/ஓ’ என்று இருக்கும். ‘கம்ப்ளெயின்ட்ஸ் ஆஃப்’ என்பதன் சுருக்கம். நெஞ்சு வலிக்கிறது என்று சொல்வது இங்கே புகாராகிறது. அதற்கடுத்து ‘கே/சி/ஓ’. இது இந்திய மருத்துவமனைகளில் அன்றாடம் புழங்கும் சுருக்கம். ‘நோன் கேஸ் ஆஃப் டயபடிஸ்’ என்றால் ஏற்கெனவே சர்க்கரை இருப்பவர் என்று பொருள். காவல் நிலையங்களில் பழைய குற்றவாளிகளுக்குப் பெயர் ‘நோன் டெப்ரடேட்டர்’. ‘கே.டி.’ என்று தமிழ்நாடே அறிந்த சொல் அதன் சுருக்கம்தான். ஆசுபத்திரித் தாளும் ஸ்டேஷன் பதிவேடும் இவ்வளவு நெருங்கிய மொழியில் பேசுவது நல்லதல்ல.

இதை ஊன்றிக் கவனித்தவர்கள் மருத்துவர்களே. 2022இல் ‘பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னல்’ இதழில் கெய்ட்ரியோனா காக்ஸ், ஸோயி ஃபிரிட்ஸ் என்ற இரு மருத்துவர்கள், நோயாளியைச் சிறுமைப்படுத்தும், சந்தேகிக்கும், பழி போடும் மருத்துவ ஆங்கிலத்தைப் பற்றி விரிவாக எழுதினார்கள். வலி இருக்கிறது என்பதற்குப் பதிலாக, இருப்பதாக ‘கிளெய்ம்’ செய்கிறார் என்று எழுதுவது நம்பிக்கையின்மையைப் பதிவு செய்வது. ‘புவர்லி கன்ட்ரோல்டு’ என்பது கட்டுப்பாடில்லாத மனிதர் என்ற முத்திரை. எழுதும் டாக்டருக்குக் கெட்ட எண்ணம் எதுவும் இருக்காது. மாணவராக இருந்தபோது சீனியர் எழுதியதைப் பார்த்து எழுதியிருப்பார். அந்த சீனியரும் அப்படியே கற்றிருப்பார். கெட்ட எண்ணம் இல்லாமலே ஒரு மொழி தலைமுறை தலைமுறையாகக் கைமாறுவதால்தான் அதைத் திருத்துவது கடினமாக இருக்கிறது.

எல்லாவற்றிலும் கொடியது ‘பேஷண்ட் ஃபெயில்டு கீமோதெரபி’ என்ற வாக்கியம். இதன் எழுவாயைப் பாருங்கள். தோற்றது யார்? மருந்து உடலுக்குள் போனது, கட்டி சுருங்கவில்லை. வாந்தி எடுத்து, முடி கொட்டி, வேலையை விட்டு, நகையை அடகு வைத்து எட்டு சைக்கிள் மருந்தையும் ஏற்றிக்கொண்டவர் தன் பங்குக்கு எதையும் குறைவைக்கவில்லை. ஆனாலும் ஆங்கில வாக்கியத்தில் அவர் எழுவாய், தோல்வி அவர் செயல், மருந்து வெறும் செயப்படுபொருள். தேர்வில் தோற்ற மாணவரைச் சொல்லும் அதே வாக்கிய அமைப்பு. ‘கீமோதெரபி டிட் நாட் ஒர்க்’ என்று எழுதினால் மருந்து எழுவாயாகிவிடும், உண்மையும் அதுதான். இந்த மாற்றத்துக்குப் புதிய மருந்து வேண்டாம், கருவி வேண்டாம், ஒரு ரூபாய் செலவு வேண்டாம்.

வார்த்தையில் என்ன இருக்கிறது, வைத்தியம் சரியாக நடந்தால் போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. வைத்தியமே வார்த்தையால் மாறுகிறது என்பதற்குச் சான்று இருக்கிறது. 2018இல் வெளியான ஓர் அமெரிக்க ஆய்வில், பயிற்சியிலிருந்த 413 மருத்துவர்களிடமும் மருத்துவ மாணவர்களிடமும் ஒரு கற்பனை நோயாளியின் குறிப்பு தரப்பட்டது. சிக்கிள் செல் நோயால் கடும் வலியோடு அவசரப் பிரிவுக்கு வந்த 28 வயது இளைஞர் அவர். நோய், வலி, தேவைப்படும் மருந்து எல்லாம் ஒன்றே. ஆனால் குறிப்பு இரண்டு விதமாக எழுதப்பட்டிருந்தது. ஒன்றில் நடுநிலையான சொற்கள். மற்றதில் ஐயத்தையும் இளக்காரத்தையும் தூவிய சொற்கள். இரண்டாவதைப் படித்தவர்கள் அந்த இளைஞரைப் பற்றி மோசமான எண்ணம் கொண்டார்கள். அதோடு நிற்கவில்லை; அவருடைய வலிக்குக் குறைவான சிகிச்சையையே தேர்ந்தெடுத்தார்கள். ஒருவர் எழுதிய பெயரடை இன்னொருவர் கையிலிருக்கும் மருந்தின் அளவைக் குறைத்தது.

அதற்கும் எட்டு ஆண்டுகள் முன்பு, 2010இல், ஜான் கெல்லியும் கசாண்ட்ரா வெஸ்டர்ஹாஃபும் மனநலத் துறையில் பணிபுரியும் 500க்கும் மேற்பட்டவர்களிடம் இப்படி ஒரு சோதனை செய்தார்கள். போதைப் பழக்கத்தில் சிக்கிய ஒருவரைப் பாதிப் பேருக்கு ‘சப்ஸ்டன்ஸ் அப்யூஸர்’ என்றும், மீதிப் பேருக்கு ‘சப்ஸ்டன்ஸ் யூஸ் டிஸ்ஆர்டர்’ உள்ளவர் என்றும் அறிமுகம் செய்தார்கள். மற்றபடி ஓர் எழுத்துகூட மாறவில்லை. ‘அப்யூஸர்’ என்று படித்தவர்கள், நிலைமைக்கு அவரே காரணம், தண்டனை போன்ற நடவடிக்கை தகும் என்ற பக்கம் கூடுதலாகச் சாய்ந்தார்கள். இவர்கள் பாமரர்கள் அல்ல, சிகிச்சை தருபவர்கள். இந்தச் சொற்கள் எல்லார் மீதும் சமமாக விழுவதுமில்லை. சிகாகோவில் 18,000க்கும் மேற்பட்ட நோயாளிகளின் பதிவுகளை ஆராய்ந்து 2022இல் வெளியான ஆய்வின்படி, வெள்ளையரோடு ஒப்பிட்டால் கறுப்பினத்தவரின் குறிப்புகளில் எதிர்மறைச் சொல் இடம்பெறும் வாய்ப்பு இரண்டரை மடங்கு. எளியவர் மீதுதான் பழிச்சொல் எளிதாக ஒட்டும்.

இந்த விவகாரத்தில் சென்னைக்கு ஒரு தனிக் கதை உண்டு. 1956இல் இங்கே காசநோய் வேதிச்சிகிச்சை மையம் தொடங்கப்பட்டது. சேத்துப்பட்டில் இன்று தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனமாக இருப்பது அதுதான். காசநோய் என்றால் சானடோரியத்தில் மாதக்கணக்கில் படுத்தே ஆக வேண்டும் என்று உலகம் நம்பியிருந்த காலம். நெரிசலான வீடுகளில், போதாத சாப்பாட்டில் வாழ்ந்த சென்னை ஏழைகள் வீட்டிலிருந்தபடியே மாத்திரை சாப்பிட்டாலும் ஏறத்தாழ அதே அளவு குணமடைகிறார்கள் என்று இந்த மையம் 1959இல் உலகுக்குக் காட்டியது. வீட்டில் உள்ளவர்களுக்கு அதனால் கூடுதல் ஆபத்து வரவில்லை என்பதும் தெரிந்தது. உலகம் முழுவதும் சானடோரியங்கள் மூடப்பட இந்த ஆய்வு பெரிய காரணம்.

ஆனால் மாத்திரை வீட்டுக்கு வந்ததும் பொறுப்பும் வீட்டுக்கு வந்தது. கூடவே பழியும் வந்தது. நடுவில் மருந்தை நிறுத்தியவருக்கு ஆங்கிலத்தில் ‘டிஃபால்டர்’ என்று பெயர் வைத்தார்கள். வாங்கிய கடனைக் கட்டாதவருக்கு பேங்க் வைத்திருக்கும் அதே பெயர். சளிப் பரிசோதனைக்கு வந்தவருக்கு ‘டிபி சஸ்பெக்ட்’. அதாவது சந்தேக நபர். மருந்தை நிறுத்தியவர் ஏன் நிறுத்தினார்? மையம் தொலைவில் இருந்திருக்கும். மாத்திரை வாங்கப் போனால் அன்றைய கூலி போயிருக்கும். குமட்டல் தாங்காமல் இருந்திருக்கும். செங்கல் சூளைக்கோ கரும்பு வெட்டவோ வெளியூர் போயிருப்பார். இவ்வளவையும் ‘டிஃபால்டர்’ என்ற ஒற்றைச் சொல் மறைத்துவிட்டு, விரலை அவர் பக்கம் நீட்டியது.

2012இல் காசநோய்த் துறை வல்லுநர்கள் பலர் சேர்ந்து, நோயாளியைக் குற்றம் சொல்லும் இந்தச் சொற்களை விடுவோம் என்று ஆய்விதழ் ஒன்றில் எழுதினார்கள். மறு ஆண்டே உலக சுகாதார நிறுவனம் தன் வரையறைகளைத் திருத்தியது. ‘டிஃபால்டர்’ போய் ‘லாஸ்ட் டு ஃபாலோ-அப்’ வந்தது. ‘சஸ்பெக்ட்’ போய் ‘பிரிசம்ப்டிவ் டிபி’ வந்தது. முதல் மாற்றத்தின் இலக்கணம் கவனிக்கத் தக்கது. ‘டிஃபால்ட்’ செய்பவர் நோயாளி. ‘லாஸ்ட்’ என்றால், தொடர்பைத் தவறவிட்டது யார் என்று திட்டத்தை நடத்துபவர்களைப் பார்த்துத் திருப்பிக் கேட்க முடிகிறது. கேள்வி திரும்பினால் வேலையும் திரும்பும். ஆளைத் திட்டுவதற்குப் பதில், மாத்திரையை அவர் ஊருக்கே கொண்டுபோக வழி தேடத் தோன்றும். அறிவிப்பு வந்து பத்தாண்டுக்கு மேலாகியும் ‘அவர் டிஃபால்ட் ஆயிட்டார்’ என்ற பேச்சு நம் கிளினிக்குகளில் இன்னும் காதில் விழுகிறது.

நோய் கண்டறிவதைச் சொல்லும் வினையிலேயே ஆங்கிலத்தில் ஒரு பழைய சண்டை இருக்கிறது. ‘ஷீ வாஸ் டயக்னோஸ்டு வித் கேன்சர்’ என்று இன்று எல்லாரும் எழுதுகிறார்கள், அகராதிகளும் ஏற்றுக்கொண்டுவிட்டன. இலக்கணத்தில் கறாரானவர்கள் நெடுங்காலம் இதை எதிர்த்தார்கள். டயக்னோஸ் செய்யப்படுவது நோய், மனிதர் அல்லர் என்பது அவர்கள் வாதம். வழக்கை எதிர்த்து அவர்கள் வெல்லவில்லை. ஆனாலும் அந்த வாதத்தில் ஒரு கண்ணியம் இருந்தது. மனிதரையும் நோயையும் தனித்தனியாக வைக்க வேண்டும் என்ற அந்த எண்ணம், பிற்காலத்தில் வேறு வாசல் வழியாக உள்ளே வந்தது. ‘டயபடிக்’ என்று ஆளுக்கே நோயின் பெயரைச் சூட்டாமல், ‘பெர்சன் வித் டயபடிஸ்’ என்று சொல்லுங்கள் என ஆஸ்திரேலியாவின் சர்க்கரை நோய் அமைப்பு 2011இலும், அமெரிக்க அமைப்புகள் 2017இலும், இங்கிலாந்தின் அரசு மருத்துவ சேவை 2018இலும் வழிகாட்டிகள் வெளியிட்டன. தமிழில் ‘எனக்குச் சர்க்கரை இருக்கிறது’ என்றுதான் இயல்பாகச் சொல்கிறோம். நோய் ஒருவருக்கு வருகிறது, அவரே நோயாகிவிடுவதில்லை. ஆசுபத்திரி வாசலை மிதித்ததும் அதே ஆள் ‘நான் சுகர் பேஷண்ட்’ என்று மாற்றிப் பேசப் பழகிக்கொள்கிறார்.

இதையும் ஒரே விதியாக்கி எல்லார் மீதும் சுமத்தக் கூடாது. ஆட்டிசம் உள்ள பலர், குறிப்பாகப் பெரியவர்கள், ‘ஆட்டிஸ்டிக்’ என்று அழைக்கப்படுவதையே விரும்புகிறார்கள். அது தங்கள் இயல்பின் பகுதி, கையில் பிடித்திருக்கும் பை போல இறக்கிவைக்கக் கூடியதல்ல என்கிறார்கள். காது கேளாதோர் சமூகத்திலும் அப்படி நினைப்பவர்கள் நிறைய. எய்ட்ஸ் பரவத் தொடங்கிய காலத்தில், 1983இல், அமெரிக்காவின் டென்வர் நகரில் கூடிய நோயாளிகள் தங்களை ‘விக்டிம்’ என்று அழைப்பதைக் கண்டித்து ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அச்சொல் தோல்வியைக் குறிக்கிறது, நாங்கள் எய்ட்ஸுடன் வாழும் மனிதர்கள் என்றார்கள். இந்தியாவில் எச்ஐவி முதன்முதலில் சென்னையில்தான் 1986இல் கண்டறியப்பட்டது. டாக்டர் சுனிதி சாலமனும் அவருடைய மாணவி நிர்மலாவும் அதைச் செய்தார்கள். ஊரே ஒதுக்கிய எச்ஐவி உள்ளவர்கள் 1997இல் இதே சென்னையில் தங்களுக்கென ஓர் அகில இந்தியக் கூட்டமைப்பைத் தொடங்கியபோது, ‘எச்ஐவியுடன் வாழ்வோர்’ என்றே பெயரில் சேர்த்துக்கொண்டார்கள். தன்னை எப்படி அழைக்க வேண்டும் என்பதில் கடைசி வார்த்தை நோயோடு வாழ்பவருடையது.

நோயின் பெயர் சிகிச்சையையே திசைதிருப்பும் இடமும் உண்டு. மார்பகத்தின் பால் குழாய்க்குள்ளேயே அடங்கி, வெளியே பரவாத ஒருவகை மாற்றம் இருக்கிறது; சுருக்கமாக டிசிஐஎஸ். 2013இல் வெளியான ஆய்வில், மார்பகப் புற்று வந்திராத 394 பெண்களிடம் இதே நிலையை மூன்று பெயர்களில் விவரித்து, என்ன சிகிச்சை வேண்டும் என்று கேட்டார்கள். ‘பரவாத கேன்சர்’ என்று சொன்னபோது 47 விழுக்காட்டினர் அறுவை சிகிச்சையைத் தேர்ந்தெடுத்தார்கள். ‘லீஷன்’ என்றபோது 34. ‘இயல்பற்ற செல்கள்’ என்றபோது 31. உடம்பு ஒன்று, ஆபத்து ஒன்று. கேன்சர் என்ற ஒரு சொல் பலரைக் கத்திக்கு அனுப்பியது. தைராய்டில் வரும், பரவாத ஒருவகைக் கட்டிக்கு இருந்த ‘கார்சினோமா’ என்ற சொல்லை 2016இல் நிபுணர் குழு ஒன்று நீக்கியது. பத்தாண்டுக்கும் மேலாகக் கண்காணிக்கப்பட்ட 109 பேரில் ஒருவருக்குக்கூட நோய் திரும்பவில்லை என்று தெரிந்த பிறகு எடுத்த முடிவு அது.

பெண்களுக்கு இந்த மொழி செய்யும் கொடுமையைத் தனியாகச் சொல்ல வேண்டும். ஆசையாகக் காத்திருந்த கரு தானாகக் கலைந்தாலும் டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘ஸ்பான்டேனியஸ் அபார்ஷன்’ என்றே வருகிறது. குழந்தையை இழந்து அழுதுகொண்டிருப்பவர், தானே வேண்டாம் என்று முடிவெடுத்தவர் போலப் பெயர் பெறுகிறார். 1985இலேயே ‘லான்செட்’ இதழில் மூன்று பிரிட்டிஷ் மருத்துவர்கள், இதை ‘மிஸ்கேரேஜ்’ என்று சொல்வோம் என்று எழுதினார்கள்; பிரிட்டனில் வழக்கு மெல்ல மாறியது. நம் ஊரில் ‘அபார்ஷன் ஆயிடுச்சு’ என்பதுதான் இன்றும் வீடுவரை வந்த பேச்சு. இரண்டு மூன்று முறை இப்படி இழந்தவரின் தாளில் ‘பேட் ஆப்ஸ்டெட்ரிக் ஹிஸ்டரி’ என்று எழுதுகிறார்கள். 35 வயதில் முதல் கர்ப்பம் என்றால் ‘எல்டர்லி பிரைமி’. கருப்பை வாய் கருவைத் தாங்க வலுவின்றி இருந்தால் ‘இன்காம்பிடன்ட் செர்விக்ஸ்’, அதாவது லாயக்கற்றது. மாமியார் வீட்டில் கேட்ட ஏச்சு போதாதென்று மருத்துவமனையும் இப்படி எழுதினால் அந்தப் பெண் எங்கே போவார்?

நோயைப் போராகச் சித்திரிக்கும் மொழியைப் பற்றி உலகம் நிறையவே பேசிவிட்டது. தனக்கு மார்பகப் புற்று வந்த அனுபவத்துக்குப் பின் சூசன் சான்டாக் 1978இல் அது குறித்துப் புத்தகமே எழுதினார். புற்றுநோயால் 2016இல் மறைந்த இங்கிலாந்து மருத்துவர் கேட் கிரேஞ்சர், தன் மரணத்தைப் போரில் தோற்றதாக யாரும் சொல்லக் கூடாது என்று முன்கூட்டியே எழுதிவைத்தார். தன் நோயைச் சண்டையாகப் பார்ப்பதில் தெம்பு பெறுபவரும் உண்டு. லங்காஸ்டர் பல்கலைக்கழகத்தில் எலெனா செமினோ குழுவினர் செய்த ஆய்வு அதையும் காட்டியது. அது அவர் உரிமை. பக்கத்திலிருப்பவர்களும் பத்திரிகைகளும் அதை அவர் மீது திணிக்காமல் இருந்தால் போதும்.

பழக்கமான ஒரு மறுப்பு இருக்கிறது: எந்தப் பெயரை வைத்தாலும் சில காலத்தில் அதுவும் வசையாகிவிடும், பிறகெதற்கு இந்தப் பாடு? அதில் உண்மை இருக்கிறது. ‘இடியட்’, ‘இம்பெசைல்’, ‘மோரான்’ மூன்றும் ஒரு காலத்தில் மருத்துவச் சொற்கள். அவை வசையானதும் ‘மென்டல் ரிட்டார்டேஷன்’ வந்தது. அதுவும் வசையாகி, 2010இல் அமெரிக்கா சட்டம் போட்டே அதை நீக்க வேண்டியிருந்தது. பெயர்ச்சொற்கள் இப்படி அழுக்கேறும். வாக்கிய அமைப்பு அப்படி அழுக்கேறுவதில்லை. மருந்து வேலை செய்யவில்லை என்று எழுதினால், நூறு ஆண்டு கழித்தும் வேலை செய்யாதது மருந்துதான். ஆகவே பெயர்களைத் துரத்துவதைவிட, எழுவாயையும் வினையையும் சரிசெய்வதில் முதலில் கவனம் வைப்பது பலன் தரும். டாக்டருக்கு நேரமில்லை என்ற வாதம் இங்கே எடுபடாது. ‘டினைஸ் ஸ்மோக்கிங்’ என்பதைவிட ‘டஸ் நாட் ஸ்மோக்’ ஒரு சொல்தான் கூடுதல். நோயாளி சொன்னது என்பதைக் குறிக்க வேண்டுமென்றால் ‘சேஸ்’ என்ற சின்ன வினை போதும்.

புரியாத மொழியின் சிக்கல் இதற்கு மேல். அமெரிக்காவின் மினசோட்டா மாநிலக் கண்காட்சிக்கு 2021இல் வந்த 215 பேரிடம் மருத்துவர்கள் அன்றாடம் சொல்லும் ஆங்கிலத் தொடர்களுக்குப் பொருள் கேட்டார்கள். ‘உங்கள் எக்ஸ்ரே இம்ப்ரெஸிவ்’ என்றால் கெட்ட செய்தி என்று 21 விழுக்காட்டினருக்கே தெரிந்தது. நிணநீர்க் கணு ‘பாசிட்டிவ்’ என்றால் புற்று பரவியிருக்கிறது என்பதை மூன்றில் ஒருவர் அறியவில்லை. ஆங்கிலம் பேசும் நாட்டிலேயே இந்த நிலை. தமிழ்நாட்டில் டிஸ்சார்ஜ் சம்மரி ஆங்கிலத்தில்தான் கைக்கு வருகிறது; மஞ்சள் பையில் ஃபைலைச் சுமந்துகொண்டு ஒவ்வொரு டாக்டரிடமும் போகும் குடும்பத்துக்கு, தங்கள் தகப்பனாரைப் பற்றி அதில் ‘நான்-கம்ப்ளையன்ட்’, அதாவது சொன்னபடி கேட்காதவர், என்று எழுதியிருப்பது தெரியாது. அடுத்த டாக்டருக்குத் தெரியும். அவர் பார்வை அந்த நொடியில் மாறிவிடும்.

எம்பிபிஎஸ் படிப்பில் 2019 முதல் மனப்பான்மை, நெறிமுறை, தொடர்பாடல் ஆகியவற்றுக்கென்றே ‘ஏட்காம்’ என்ற பாடப்பகுதி இருக்கிறது. நோயாளியிடம் விவரம் கேட்டு எழுதும் பயிற்சி வார்டில் தொடங்கும்போதே, இந்த வகுப்பும் கேஸ் ஷீட்டும் ஒன்றுசேர வேண்டும். தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகம் மாதிரிக் கேஸ் ஷீட் ஒன்றை, எந்தச் சொல்லுக்குப் பதில் எந்தச் சொல் என்ற ஒரு பக்கப் பட்டியலோடு எல்லாக் கல்லூரிகளுக்கும் அனுப்பினால், ஐந்தாண்டுகளில் ஒரு புதிய தலைமுறை வேறு ஆங்கிலம் எழுதிக்கொண்டு வெளியே வரும். டிஸ்சார்ஜ் சம்மரியோடு தமிழில் பத்து வரிச் சுருக்கம் ஒன்றையும் சேர்த்துத் தர அரசு உத்தரவிட வேண்டும்.

வாசகர்களுக்கும் இதில் வேலை இருக்கிறது. இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு விதிகளின்படி, நோயாளியோ அவர் அனுமதி பெற்றவரோ கேட்டால் 72 மணி நேரத்துக்குள் மருத்துவப் பதிவுகளைத் தர வேண்டும். கேட்டு வாங்குங்கள். ஆங்கிலம் தெரிந்த பிள்ளையிடம் கொடுத்து வரி வரியாகப் படிக்கச் சொல்லுங்கள். உங்களைப் பற்றி அதில் தவறாகவோ தாழ்வாகவோ எழுதியிருந்தால், அடுத்த முறை போகும்போது அந்த வரியைக் காட்டி, திருத்தித் தரும்படி டாக்டரிடம் தயங்காமல் கேளுங்கள்.